வாடிக்கையாளராக வந்த அப்பா

பெரம்பலூரில் நான் வேலை பார்த்த ஜவுளிக்கடையில் எனக்குப் பேர் கிடையாது. நாற்பத்தேழு என்றால் நான். எந்தக் கடை என்று கேட்காதீர்கள். வெளியே கண்ணாடி, உள்ளே குளிர், வாசலில் சந்தனக் கிண்ணம், எல்லாக் கடையும் ஒன்றுதான். மூன்று வருடம் அங்கே நின்றேன். வேலை பார்த்தேன் என்பதைவிட நின்றேன் என்பதுதான் சரி. விற்பனைப் பெண்கள் உட்கார இருக்கை தர வேண்டும் என்று சட்டம் வந்தபிறகு எங்கள் தளத்துக்கும் இரண்டு ஸ்டூல்கள் வந்தன. ஒன்றில் துணிப் பொம்மைகளின் கழற்றிய கைகளை அடுக்கி வைத்தார்கள். இன்னொன்றில் சாமி படத்துக்குப் போடும் பூக்கூடை இருந்தது. கைகளும் பூவும் உட்கார்ந்திருக்க, நாங்கள் நின்றோம்.

காலையில் வந்ததும் போனை வாங்கி லாக்கரில் போட்டுப் பூட்டிவிடுவார்கள். அதற்குப் பிறகு எங்களுக்கு இரண்டே இரண்டு வாக்கியங்கள்தான். வருகிறவர்களிடம் “வணக்கம் சார், என்ன பார்க்குறீங்க?” போகிறவர்களிடம் “நன்றி சார், மீண்டும் வாங்க.” பெண்களாக இருந்தால் சாருக்குப் பதில் மேடம். ஒரு எழுத்து மாறக் கூடாது. ஒருநாள் கரண்ட் போய் ஜெனரேட்டர் எடுப்பதற்குள் அந்த அரை இருட்டில் பக்கத்தில் யாரோ நிற்பதுபோல் இருக்க, நான் ஒரு பொம்மைக்கு வணக்கம் சொல்லிவிட்டேன். என்னோடு நின்றவள் சிரிக்கவில்லை. அவளும் சொல்லியிருக்கிறாளாம்.

சொந்தக்காரர்கள் யார் வந்தாலும் தளத்தில் நின்று பேசக் கூடாது என்று இன்னொரு விதி இருந்தது. பார்க்க வேண்டுமானால் கடையின் விடுதிக்கு வந்து பார்க்கலாம், ஞாயிற்றுக்கிழமை காலை பத்து முதல் பன்னிரண்டு வரை. ஞாயிற்றுக்கிழமை காலை பத்து முதல் பன்னிரண்டு வரை நாங்கள் கடையில் நின்றுகொண்டிருப்போம். இதை எழுதி விடுதி வாசலில் ஒட்டியவர் படித்தவராகத்தான் இருக்க வேண்டும், கையெழுத்து அவ்வளவு நன்றாக இருந்தது.

எங்கள் வீடு அரியலூரை அடுத்த கல்லங்குறிச்சிக்குப் பக்கத்தில். அப்பாவுக்குச் சுண்ணாம்புக்கல் ஏற்றும் லாரிகளுக்குத் தார்ப்பாய் கட்டுகிற வேலை. லாரிக்காரர் யாராவது பெரம்பலூர்ப் பக்கம் போனால் முன்னால் ஏறி உட்கார்ந்து வந்துவிடுவார். அப்படித்தான் முதல் தடவை கடைக்கே வந்தார். நான் அப்போது இரண்டாவது தளத்தில் வேட்டி, துண்டுப் பகுதியில் இருந்தேன். படி ஏறி வந்து, சட்டையில் வெள்ளைப் புழுதியோடு, என்னைப் பார்த்து வாயெல்லாம் பல்லாக நின்றார். எனக்குப் பின்னால் சூப்பர்வைசர். நான் கை கூப்பினேன்.

“வணக்கம் சார், என்ன பார்க்குறீங்க?”

அப்பாவின் சிரிப்பு அப்படியே நின்றது. பெற்ற மகள் சார் என்று கூப்பிட்டால் யாருக்குத்தான் திக்கென்று இருக்காது. ஆனால் அவர் மக்கு இல்லை. என் முகத்தைப் பார்த்தார், எனக்குப் பின்னால் பார்த்தார், தொண்டையைச் செருமிக்கொண்டார்.

“நாலு மொழ வேட்டி காட்டும்மா” என்றார் சத்தமாக.

நான் ஒரு வேட்டியை எடுத்து விரித்து, அதற்குப் பின்னால் குனிந்தேன்.

“சாப்ட்டியா பாப்பா?”

“சாப்ட்டேன்ப்பா. அம்மா எப்படி இருக்கு?”

“நல்லாருக்கா. காலு ஏன் இப்புடி வீங்கிக் கெடக்கு?”

“கரை சின்னதா வேணுமா சார், பெருசா வேணுமா சார்?” சூப்பர்வைசர் எங்களைக் கடந்து போய்க்கொண்டிருந்தார்.

“பெருசாவே காட்டும்மா. ஊர்ல நமக்கு ஒரு மரியாத இருக்குல்ல” என்றார் அப்பா.

அன்றைக்கு எட்டு வேட்டிகளை விரித்தேன். எட்டு வேட்டிக்கும் பின்னால் நாங்கள் பேசி முடித்தோம். எதுவும் எடுக்காமல் “அப்பறம் வரேம்மா” என்று கிளம்பினார். நான் விதிப்படி “நன்றி சார், மீண்டும் வாங்க” என்றேன். “வரேம்மா, வரேன்” என்று படி இறங்கும்போது அவர் தோள் குலுங்கியதைப் பார்த்தேன். சிரித்துக்கொண்டே போனார்.

அதிலிருந்து மாதம் ஒரு தடவை வருவார். அவருக்கு இந்த நாடகம் பிடித்துப்போய்விட்டது. “இம்புட்டு வயசுல எவனாச்சும் என்னய சார்னு கூப்ட்ருக்கானா பாப்பா? நீதான் கூப்புடுற. அதுவும் ஏசியில நிக்க வெச்சி” என்று ஒருமுறை வேட்டிக்குப் பின்னால் சொன்னார். எனக்கு அது பெருமையாகவும் இருந்தது, அழுகையாகவும் வந்தது. அப்பாவை மரியாதையாக நடத்த நான் அவருக்கு யாரோ ஆக வேண்டியிருந்தது.

அம்மாவும் ஒரு தடவை வந்து துண்டு பார்ப்பதுபோல் நின்றாள். ஆனால் அவளுக்கு நடிப்பு வரவில்லை, துண்டைப் பிடித்துக்கொண்டு கண் கலங்கிவிட்டாள். மாமா அப்படியில்லை. அவர் அம்மாவின் தம்பி, அம்மாவுக்கு உடன்பிறந்தவர் அவர் ஒருவர்தான், அரும்பாவூரில் விவசாயம். அப்பா சொல்லிக் கேட்டு ஒரு முகூர்த்த நாளில் வந்தார். மாப்பிள்ளைக்குப் பட்டு வேட்டி வேண்டும் என்று சொல்லி ஒரு அலமாரியையே இறக்க வைத்து, “ஜரிகை பத்தலையேம்மா” என்று உதட்டைப் பிதுக்கினார். நான் சிரிப்பை அடக்க உள் கன்னத்தைக் கடித்துக்கொண்டேன். மாப்பிள்ளையும் கிடையாது, கல்யாணமும் கிடையாது.

வம்பு வேறு பக்கத்திலிருந்து வந்தது. ஒருநாள் சூப்பர்வைசர் கூப்பிட்டு, “நாப்பத்தேழு, ஒரு பெரியவரு அடிக்கடி வர்றாரு, உங்கிட்டதான் பாக்குறாரு, ஒண்ணும் எடுக்காமப் போறாரு. உனக்கு விக்கத் தெரியலன்னு எழுதவா?” என்றார். கேமராவில் பார்த்திருக்கிறார்கள். அடுத்த தடவை அப்பாவிடம் கிசுகிசுவென்று சொன்னேன், இனிமேல் வராதீங்கப்பா என்று. அவர் வேட்டியை ஓரமாகத் தள்ளினார்.

“அப்ப ஒரு துண்டு போடும்மா” என்றார் சத்தமாக.

அதற்குப் பிறகு ஒவ்வொரு தடவையும் ஒரு ஈரிழைத் துண்டு எடுத்துப் போவார். கடையிலேயே குறைந்த விலைச் சரக்கு அதுதான். யார் விற்றது என்று தெரிவதற்காகத் துணியின் மூலையில் ஒரு சின்ன ஸ்டிக்கர் ஒட்டி அதில் எண்ணை எழுதுவோம். நான் நாற்பத்தேழு என்று எழுதி ஒட்டிக் கொடுப்பேன். துண்டுக்கு இவ்வளவு காசா என்று நான் முனகினால், “ஒம் மூஞ்சியப் பாக்க டிக்கெட்டுன்னு வெச்சிக்க” என்பார்.

போன வருடம் மாசி வாக்கில் அவருக்கு இருமல் வந்தது. முதலில் சளி என்றார்கள். பிறகு புழுதி என்றார்கள். அரியலூரில் காட்டினார்கள், மாத்திரை கொடுத்தார்கள், இருமல் போகவில்லை. திருச்சியில் நெஞ்சுக்குத் தனியாகப் பார்க்கிற டாக்டர் இருக்கிறார், ஒரு தடவை காட்டிவிடலாம் என்று அம்மா போனில் புலம்பினாள். அப்பா என்னோடுதான் போவேன் என்று பிடிவாதம். அம்மாவுக்கு ஆஸ்பத்திரியில் எங்கே சீட்டு வாங்குவது, எந்த வரிசையில் நிற்பது என்று தெரியாது. “நிக்கிற வேலையில நீதான் பாப்பா தேறினவ” என்றார்.

எனக்கு வேண்டியிருந்தது ஒரே ஒரு நாள் லீவு. ஆனி மாதக் கடைசியில் கேட்டேன். சூப்பர்வைசர் கெட்டவர் இல்லை. அவரும் எங்களைப் போலவே நாளெல்லாம் நின்று கால் நரம்பு சுருண்டு போனவர்தான். “ஆடித் தள்ளுபடி ஆரம்பிக்குது, இப்ப போய்க் கேக்குறியே. ஆடி முடியட்டும், ரெண்டு நாளே எடுத்துக்க” என்றார். அப்பாவிடம் சொன்னேன். “ஆடிதான, கண்ண மூடித் தொறக்குறதுக்குள்ள போயிரும்” என்றார்.

ஆடி பிறந்ததும் ஒரு தடவை வந்தார். அதுதான் கடைசி என்று அன்றைக்குத் தெரியாது. துண்டை விரித்துக்கொண்டிருக்கும்போதே ஏசிக் குளிரில் இருமல் பிடித்துக்கொண்டது. நிற்கவே இல்லை. என் கையிலிருந்த துண்டையே வாங்கி வாயில் வைத்துக்கொண்டு குனிந்துவிட்டார். சூப்பர்வைசர் வந்து, “சார், சார், துணி மேல இருமாதீங்க சார்” என்றார்.

“மன்னிச்சிக்கங்க சார். இதயே எடுத்துக்கறேன்” என்றார் அப்பா, கண்ணில் தண்ணீரோடு.

நான் கவுண்டருக்கு இந்தப் பக்கம் நின்றேன். முதுகைத் தடவிவிடக் கை துடித்தது. தடவினால் மகள் என்று தெரிந்துவிடும், இத்தனை மாத நாடகமும் வெளியே வரும், திருச்சிக்குப் போக இருக்கிற லீவும் போய்விடும் என்று பயந்தேன். வாடிக்கையாளர் இருமினால் தண்ணீர் கொடுக்கலாம், அதற்கென்றே கேன் வைத்திருந்தார்கள். யாரோ ஒருவராக இருந்திருந்தால் ஓடிப்போய் ஒரு டம்ளர் பிடித்துக் கொடுத்திருப்பேன். என் அப்பா என்பதால் அதுகூடச் செய்யவில்லை. இதை நான் இதுவரை அம்மாவிடம் சொன்னதில்லை.

துண்டில் ஸ்டிக்கர் ஒட்டிக் கொடுத்தேன். “நன்றி சார், மீண்டும் வாங்க” என்றேன். “வரேம்மா” என்றார்.

ஆடிக் கூட்டம் ஏற ஏற எங்களை இடம் மாற்றினார்கள். என்னைத் தரைத்தளத்துக்கு இறக்கி, நூல் புடவை மூலையில் நிறுத்தினார்கள். பளபளப்பு இல்லாத மூலை அது. அங்கேதான் கோடி எடுக்க வருவார்கள். புருஷனை இழந்தவளுக்கு, பிணம் எடுக்கும் முன் அவள் பிறந்த வீட்டார் புதுப்புடவை கொண்டுவந்து போடுவது எங்கள் பக்கத்து வழக்கம். கோடி எடுக்க வந்தவர்களைப் பார்த்த உடனே கண்டுகொள்ளலாம். சந்தனக் கிண்ணத்தைத் தொட மாட்டார்கள். விலை கேட்க மாட்டார்கள். புடவையை விரித்துப் பார்க்க மாட்டார்கள். வீட்டுப் பெண் ஒருத்தி உள்ளே வராமல் வெளியிலேயே நிற்பாள். அந்த மூலையில் ஏற்கனவே நின்ற முப்பத்தொன்று என்னிடம் சொன்னாள், “அவங்ககிட்ட மட்டும் மீண்டும் வாங்கன்னு சொல்லித் தொலச்சிடாத. வாய மூடிக்கிட்டு மடிச்சிக் குடு.” சூப்பர்வைசர் காதில் விழாதபடிதான் அதையும் சொன்னாள்.

அந்த மூலையில் அரக்கு நிறத்தில் மஞ்சள் கரை போட்ட நூல் புடவை ஒன்று இருந்தது. அம்மாவுக்கு அந்த நிறம் உயிர். தீபாவளிக்கு ஊழியர் சலுகையில் எடுத்துக்கொள்ளலாம் என்று அதை அடுக்கின் அடியில் ஒளித்து வைத்திருந்தேன். போனில் அம்மாவிடமும் சொல்லியிருந்தேன். “அரக்கா? கரை எந்நெறம்?” என்று இரண்டு தடவை கேட்டாள்.

ஆடியில் மூன்றாவது ஞாயிறு. பதினோரு மணி இருக்கும். கடைக்குள் காலை வைக்க இடமில்லை. ஒலிபெருக்கியில் தள்ளுபடி அறிவிப்பு திரும்பத் திரும்ப ஓடிக்கொண்டிருந்தது. கூட்டத்துக்கு நடுவில் மாமா வருவதைப் பார்த்தேன். எனக்கு ஒரே சந்தோஷம். மறுபடியும் நாடகம் ஆட வந்திருக்கிறார் என்று நினைத்தேன். அப்பாதான் அனுப்பியிருப்பார், தனக்கு முடியாததால். நான் கை கூப்பினேன்.

“வணக்கம் சார், என்ன பார்க்குறீங்க?”

மாமா அப்படியே நின்றுவிட்டார். “நீ... மேல இல்ல?”

“இங்க மாத்திட்டாங்க சார்” என்றேன், சாரை அழுத்தி.

அவர் உதட்டை நக்கிக்கொண்டார். “ஒரு பொடவ வேணும்.”

“பட்டா சார்? போன தடவ மாதிரி அலமாரிய எறக்கிடவா?”

“இல்ல. நூல் பொடவ. ஒண்ணு. எதா இருந்தாலும் சரி.”

நன்றாக நடிக்கிறார் என்று நினைத்தேன். குரல்கூட மாறியிருந்தது. “யாருக்கு சார், வீட்டம்மாவுக்கா?”

“அக்காவுக்கு” என்றார்.

அம்மாவுக்கு. நான் துள்ளிக்கொண்டு அடுக்கின் அடியில் கையை விட்டு அந்த அரக்குப் புடவையை உருவினேன். மாமா செலவில் அம்மாவுக்கு அது ஆடியிலேயே போய்ச் சேரப்போகிறது. விரித்து, மஞ்சள் கரையை எடுத்து அவர் கண் முன்னால் பிடித்தேன். “பாருங்க சார், நயம் நூல். தோச்சாலும் சாயம் போவாது.”

அவர் கரையைப் பார்க்கவில்லை. என் காலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“மடிச்சிக் குடும்மா” என்றார்.

விலை கேட்கவில்லை. நெற்றியில் சந்தனம் இல்லை. சட்டைப் பித்தான் ஒன்று மாற்றிப் போட்டிருந்தது. கண்ணாடிக்கு வெளியே பார்த்தேன். அத்தை, மாமாவின் மனைவி, முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு வெயிலில் நின்றிருந்தாள். அரும்பாவூரிலிருந்து எங்கள் ஊருக்கு வர வேண்டுமானால் பெரம்பலூரில் பஸ் மாற வேண்டும். மாமாவுக்கு அக்கா ஒரே ஒருத்திதான். தம்பி அக்காவுக்குக் கோடி எடுத்தால் அங்கே போய்விட்டது யார் என்று யாரும் எனக்குச் சொல்ல வேண்டியதில்லை.

கீழே கோடியை எடுத்துவிட்டு, மேலே வந்து என்னைப் பக்குவமாகச் சொல்லிக் கூட்டிப் போகலாம் என்று அவர் நினைத்திருக்கிறார். நான் மேலே இல்லை. என் கையாலேயே எடுக்க வைத்துவிட்டேன்.

“நாப்பத்தேழு, கஸ்டமர் நிக்கிறாரு பாரு” என்றது சூப்பர்வைசரின் குரல்.

என் கைகள் வேலை செய்தன. அதைத்தான் என்னால் இன்றுவரை மன்னிக்க முடியவில்லை. புடவையை நான்காக மடித்தன, ஸ்டிக்கரில் நாற்பத்தேழு என்று எழுதின, ஒட்டின, கவரில் போட்டு இரண்டு கையாலும் நீட்டின. வாய் தானாகத் திறந்தது.

“நன்றி சார், மீண்டும் வாங்க.”

மாமா கவரை வாங்கிக்கொண்டு வாய்விட்டு அழுதார். புடவை பார்த்துக்கொண்டிருந்த பெண்கள் எல்லாரும் திரும்பினார்கள். முப்பத்தொன்று என் கையைப் பிடித்தாள். சூப்பர்வைசர் ஓடி வந்தார்.

“என்ன சார், துணி டேமேஜா? மாத்திக் குடுத்துடலாம் சார்.”

“அவ அப்பன் போயிட்டாருய்யா” என்றார் மாமா. “விடுய்யா அவள. காலையில எந்திரிச்சி டீ குடிச்சவரு, நெஞ்சப் புடிச்சிக்கிட்டு ஒக்காந்தவரு, அப்படியே...”

சூப்பர்வைசர் என்னைப் பார்த்தார், மாமாவைப் பார்த்தார். அப்போதுதான் அவருக்கு வேட்டிக்காரப் பெரியவர் யார் என்று புரிந்திருக்க வேண்டும். முகம் ஒரு மாதிரி ஆனது. ஆனால் கடை கடைதான். லீவு எழுதிக் கொடுக்காமல் வெளியே விட முடியாது. ஒரு தாளை எடுத்து அவரே எழுத ஆரம்பித்தார். எழுதிக்கொண்டே வந்தவர் நிறுத்தினார்.

“உம் பேரு என்னம்மா?” என்றார் மெதுவாக.

சொன்னேன். என் காதுக்கே அது வேறு யாருடைய பேர் போலக் கேட்டது.

போனை வாங்க ஆபீஸுக்குப் போனேன். மேஜைத் தட்டில் ஒரு துண்டுச் சீட்டு இருந்தது. 47, வீட்டிலிருந்து போன், அவசரம். காலை எட்டரைக்கே கடை போனுக்கு அம்மா பேசியிருக்கிறாள். “சாப்பாட்டு நேரத்துல சொல்லலாம்னு வெச்சிருந்தேன்ம்மா. இன்னைக்கி கூட்டம் பாரு” என்றார் அங்கே இருந்தவர். அவர் பொய் சொல்லவில்லை. கூட்டம் இருந்தது.

லாக்கரில் என் போனில் எடுக்காத அழைப்புகள் ஒன்பது. முதலில் வந்த இரண்டும் அப்பாவின் எண்ணிலிருந்து வந்தவை. பிறகு வந்ததெல்லாம் அம்மாவின் எண். அந்த இரண்டும் வந்தபோது நான் கடை வாசலில் வரிசையில் நின்று கடைப் பிரார்த்தனை சொல்லிக்கொண்டிருந்தேன். போன் அதற்குக் கொஞ்சம் முன்னால்தான் கையை விட்டுப் போயிருந்தது.

வெளியே போகும் வழியில் என் பையைத் திறந்து பார்த்தார்கள். எல்லா நாளும் பார்ப்பதுதான். உள்ளே தண்ணீர் பாட்டிலும் ஒரு சீப்பும் இருந்தன. மாமாவின் பில்லில் ஓட்டை போட்டுக் கொடுத்தார்கள். கவரின் மேல் பெரிய எழுத்தில் சந்தோஷம் இங்கே ஆரம்பம் என்று அச்சடித்திருந்தது. பஸ்ஸில் ஏறியதும் அத்தை கவரை உள்புறம் வெளியே வரும்படி திருப்பி, புடவையை அதில் வைத்து மடியில் வைத்துக்கொண்டாள். அரியலூர் ரோட்டில் எதிரே கல் லாரிகள் வந்துகொண்டே இருந்தன. ஒவ்வொன்றின் மேலும் தார்ப்பாய் கட்டியிருந்தது. யார் கட்டியதோ என்று நான் பார்த்துக்கொண்டே போனேன்.

வீட்டு வாசலில் பெஞ்சில் படுக்க வைத்திருந்தார்கள். முகத்தில் புழுதி இல்லை. யாரோ நன்றாகத் துடைத்துவிட்டிருந்தார்கள். நான் காலைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தேன். மூன்று வருடத்தில் பகல் நேரத்தில் அவ்வளவு நேரம் நான் உட்கார்ந்தது அன்றைக்குத்தான். முதுகைத் தடவ ஆசைப்பட்டேன், அவர் மல்லாந்து கிடந்தார்.

அழுகை கொஞ்சம் ஓய்ந்தபோது அம்மாவிடம் கேட்டேன். “அப்பா போன்லேந்து மொதல்ல ரெண்டு தடவ வந்திருக்கும்மா. அப்பா போட்டாரா, நீ போட்டியா?”

“எனக்கு என்னடி தெரியும்? எந்தப் போன எடுத்தேன், என்னத்த அமுக்குனேன், ஒண்ணும் ஞாபகம் இல்லியே” என்று அம்மா தலையில் அடித்துக்கொண்டாள். அதற்குப் பிறகு நான் கேட்கவில்லை. அப்பா என்னைக் கூப்பிட்டாரா இல்லையா என்பது எனக்குத் தெரியாது. இனிமேல் தெரியப்போவதும் இல்லை.

மாமா கோடியைப் போட்டார். பெண்கள் சுற்றி நின்று அழுதார்கள். அம்மா அழுதுகொண்டே குனிந்து, தோளில் கிடந்த புடவையின் மஞ்சள் கரையை விரலால் தொட்டாள். நிமிர்ந்து என்னைத் தேடினாள். என் கண்ணைப் பார்த்ததும் அவளுக்குத் தெரிந்துவிட்டது. அதன் பிறகு அவள் அழுத அழுகையை எழுத எனக்குத் தெம்பு இல்லை.

எடுக்கிற நேரம் ஆனது. பெரியவர் ஒருவர் வாசலில் நின்று குரல் கொடுத்தார். “தூக்குறவங்களுக்குப் புதுத் துண்டு வேணுமேப்பா. யாராச்சும் டவுனுக்கு வண்டிய எடுங்க, கடைங்க தொறந்துதான் இருக்கும்.”

“கடைக்கி எதுக்குப் போறீங்க” என்றாள் அம்மா, தலையைத் தூக்காமலே. “பீரோவுல இருக்கு பாருங்க. அவரு வாங்கி வெச்சது.”

நான்தான் போய்த் திறந்தேன். அடித்தட்டில் அடுக்கியிருந்தது, எல்லாம் கடைக் கவரோடு. ஒன்றைக்கூட அவர் தோளில் போடவில்லை. எண்ணவேண்டாம் என்றுதான் நினைத்தேன். கை எண்ணிவிட்டது. பதினொன்று. மேலே இருந்தது மட்டும் கவர் இல்லாமல், துவைத்து மடித்து வைக்கப்பட்டிருந்தது. அவர் அன்று இருமிய துண்டு. அதை மட்டும் எடுத்து என் பைக்குள் வைத்துக்கொண்டேன்.

மற்றதையெல்லாம் வாசலுக்குக் கொண்டுவந்தேன். தூக்க வந்தவர்கள் ஒவ்வொருவராகக் கை நீட்டினார்கள். நான் கவரிலிருந்து எடுத்து, பிரித்து, நீளவாக்கில் மடித்து, இரண்டு கையாலும் கொடுத்தேன். அந்த வேலையை என்னைவிட நன்றாக அங்கே யாருக்கும் செய்யத் தெரியாது.

சுடுகாட்டுக்குப் பெண்கள் போவதில்லை. தெருமுனை வரைக்கும்தான். அங்கே எங்களை நிறுத்திவிட்டு அப்பாவைத் தூக்கிக்கொண்டு போனார்கள். நான்கு தோளிலும் நான் விற்ற துண்டுகள். பின்பக்கமாக இடது கையோரம் போனவர் ஸ்டிக்கரைப் பிய்க்கவே இல்லை. என் கையெழுத்தில் நாற்பத்தேழு அவர் முதுகில் தெரிந்தது. அந்த எண் சின்னதாகிக்கொண்டே போவதைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

யாராவது என் கண் முன்னால் துணியோடு திரும்பி நடந்தால் என் வாய் ஒரு வாக்கியத்தைச் சொல்லும். அன்றைக்குக் காலையில்கூட மாமாவிடம் சொன்னது. தெருமுனையிலும் அது நாக்கு நுனி வரைக்கும் வந்தது. நான் பல்லைக் கடித்துக்கொண்டேன். முன்பின் தெரியாத எத்தனையோ ஆயிரம் பேரை மீண்டும் வாங்க என்று கூப்பிட்டிருக்கிறேன். அப்பாவைக் கூப்பிட முடியவில்லை. எப்போதும் நான் அதைச் சொன்னதும் அவர் திரும்பிப் பார்த்து “வரேம்மா” என்பார்.